நீலநாக்கு அரணை வளர்ப்பவர்களுக்கு

கிழக்கு ஆஸ்திரேலியாவில் வீட்டுத் தோட்டங்களிலேயே திரியும் நீலநாக்கு அரணை, செல்லப்பிராணியாகவும் வளர்க்கப்படுகிறது. முட்டையிடாமல் குட்டி போடும் இனம் இது. பிறந்த குட்டி ஒரு சாண்கூட இருக்காது. வளர்ந்தால் வால் நுனி வரை 60 செ.மீ. எட்டும். அதனால் குட்டியின் அளவைப் பார்த்துத் தொட்டி வாங்குவது வீண்செலவு.

நான்கடி நீளம், இரண்டடி அகலமுள்ள பெட்டி போதும். தரையில் ஊர்ந்து வாழும் பிராணி என்பதால் உயரம் பெரிதல்ல. ஒரு மூலையில் விளக்கடியில் 35 டிகிரி செல்சியஸ், மறுகோடியில் 25 டிகிரி இருக்கட்டும். புற ஊதா விளக்கும் வேண்டும். ஒரு பெட்டியில் ஒன்றுதான். துணைக்கு இன்னொன்றை விட்டால் சண்டையில் விரல்கள் போகும்.

கீரை, பூசணி, அவித்த முட்டை, பூச்சி, நத்தை எல்லாம் தின்னும். வளர்ந்ததற்கு வாரம் இரண்டு மூன்று முறை தீனி போதும். கேட்கும்போதெல்லாம் கொடுத்தால் கொழுத்துவிடும். வெங்காயம், அவகாடோ கூடவே கூடாது. தோட்டத்து நத்தையும் வேண்டாம், அது விஷமருந்து தின்றதாக இருக்கலாம்.

தோல் உரிந்ததும் கால்விரல்களை உற்றுப் பாருங்கள். பழைய தோல் வளையம்போல் இறுகி நின்றால் ரத்த ஓட்டம் தடைப்பட்டு விரலே உதிர்ந்துவிடும். வெதுவெதுப்பான நீரில் சற்று நேரம் நிற்கவைத்து மெல்ல உருவலாம், பிய்க்கக் கூடாது.

'அரணை கடித்தால் மரணம்' என்ற பயம் வேண்டாம், இதற்கு விஷமில்லை. ஆனால் கடி வலிக்கும்!

நியூ சவுத் வேல்ஸில் இதை வளர்க்க உரிமம் கட்டாயம். காட்டிலிருந்து பிடித்து வருவது சட்டப்படி குற்றம்.