தணலில் சுட்ட ரொட்டி... வயிறும் நோகாது, வாயும் வேகாது!

‘சித்த வைத்தியருக்கு ரொட்டி டோஸ்ட்டில் என்ன வேலை?’ என்று நீங்கள் கேட்கலாம். வேலை இருக்கிறது வாசகர்களே! விடுமுறை வந்தால் போதும்... ஏற்காடு, கொடைக்கானல், வால்பாறை என்று குடும்பம் குடும்பமாகக் கிளம்பிவிடுகிறோம். எஸ்டேட் பங்களாவிலோ தோட்டத்து வீட்டிலோ தங்குகிறவர்கள் ராத்திரி வாசலில் நெருப்பு மூட்டி, சுற்றி உட்கார்ந்து எதையாவது சுட்டுச் சாப்பிட ஆசைப்படுகிறார்கள். சந்தோஷமான விஷயம்தான். ஆனால், திரும்பி வந்த மறுநாள் ‘டாக்டர், பையனுக்கு வயிறு உப்புசம்’, ‘பாப்பா அண்ணமெல்லாம் வெந்து போச்சு’, ‘புகை பட்டு இழுப்பு வந்துடுச்சு’ என்று என் கிளினிக் வாசலில் நிற்பதும் அதே குடும்பங்கள்தான்!

அதனால், நெருப்பில் ரொட்டி சுடுவதை முறையாகவே சொல்லித் தந்துவிடுவது நல்லது என்று தோன்றியது.

ஆஸ்திரேலியாவில் இதற்கு ‘ஜாஃபிள்’ என்று பெயர். நீளமான இரண்டு கம்பிகளின் முனையில் கிண்ணம் போன்ற இரண்டு இரும்புத் தட்டுகள், இடுக்கி மாதிரி சேர்ந்து மூடிக்கொள்ளும். நடுவில் இரண்டு ரொட்டித் துண்டு, அதற்குள்ளே பூரணம். சிட்னி நகரத்தின் பாண்டை பகுதியைச் சேர்ந்த டாக்டர் எர்னஸ்ட் ஸ்மிதர்ஸ் என்பவர் 1949-ல் இதற்குக் காப்புரிமை வாங்கினார். அங்கே கூடாரம் போட்டுத் தங்கப் போகிற குடும்பங்கள் இதை மறக்காமல் எடுத்துப் போகிறார்கள். டின்னில் வரும் வேகவைத்த பீன்ஸ், முதல் நாள் மிஞ்சின கறி, முட்டை... எதையும் உள்ளே வைத்துவிடுவார்கள். அமெரிக்காவில் ‘பை அயர்ன்’ என்கிறார்கள்.

நம் ஊர் பாத்திரக்கடையில் கேஸ் அடுப்புக்கென்று விற்கிற சாண்ட்விச் டோஸ்டர் இதற்குத் தம்பி முறை. மும்பைத் தெருவோரங்களில் கரி அடுப்பில் வாட்டித் தருவதும் இந்த டோஸ்டரில்தான். ஆனால், வீட்டு டோஸ்டரை அப்படியே விறகு நெருப்புக்குக் கொண்டுபோகாதீர்கள். கைப்பிடி குட்டை, போதாததற்குப் பிளாஸ்டிக் உறை வேறு. நெருப்புக்கு வெளியே இரண்டு அடியாவது கம்பி நீண்டு, பிடிக்கிற இடத்தில் மரக்கட்டை இருக்க வேண்டும். அலுமினியம் 660 டிகிரி செல்சியஸில் உருகும். நன்றாக எரிகிற விறகுத் தணலின் நடுப்பகுதி அந்தச் சூட்டைத் தாண்டிவிடக்கூடும். ஒட்டாத பூச்சு பூசியதும் வேண்டாம். 260 டிகிரிக்கு மேல் அந்தப் பூச்சு சிதைய ஆரம்பித்து, சூடு ஏற ஏற நச்சுப் புகை விடும். வார்ப்பு இரும்புதான் இதற்கு ராஜா! புதுசாக வாங்கினால், தோசைக்கல்லைப் பழக்குவது போல வடித்த கஞ்சியில் ஊறவைத்துக் கழுவி, துடைத்து, நல்லெண்ணெய் தடவிச் சூடு காட்டிப் பழக்கிக்கொள்ளுங்கள்.

எந்த விறகு? எது விஷம்?

இதைத்தான் எல்லோரும் அலட்சியமாக விட்டுவிடுகிறார்கள். கண்ணில் பட்ட குச்சியை எல்லாம் பொறுக்கிப் போடக்கூடாது. அரளி இலை, பூ, பட்டை, கட்டை அத்தனையிலும் இதயத்தைப் பாதிக்கும் விஷம் இருக்கிறது. காய்ந்து போனாலும் அது போகாது. அதை எரிக்கவும் கூடாது. அதன் குச்சியில் எதையும் குத்திச் சுடவும் கூடாது. பங்களா வேலியோரம் அழகுக்காக அரளியை வரிசையாக வைத்திருப்பார்கள். குழந்தைகள் முதலில் உடைத்து வருவது அதைத்தான்! எட்டி மரமும் அப்படியே. சிதம்பரம், பிச்சாவரம் பக்கம் உப்பங்கழி ஓரங்களில் தில்லை மரம் உண்டு. அதன் பால் கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து.

சவுக்கு, கருவேலம், புளி - இவையெல்லாம் தணல் நின்று எரியும் நல்ல விறகு. தென்னை மட்டையும் பாளையும் பற்றவைக்க உதவும். என்னைக் கேட்டால் கொட்டாங்குச்சிக்கு ஈடு எதுவும் இல்லை. சீக்கிரம் கங்காகும், புகை குறைவு. பெயின்ட் அடித்த பலகை, பிளைவுட், பிளாஸ்டிக் பை ஆகாது. மண்ணெண்ணெயை ஊற்றவே ஊற்றாதீர்கள்.

இன்னொன்று. காப்புக் காட்டுக்குள் நெருப்பு மூட்டுவது சட்டப்படி குற்றம். 2018 மார்ச்சில் தேனி மாவட்டம் குரங்கணி மலையில் காட்டுத் தீயில் சிக்கி, மலையேறப் போனவர்கள் 20 பேருக்கு மேல் இறந்ததை மறந்திருக்க மாட்டீர்கள். சொந்தத் தோட்டமோ, உரிமையாளர் அனுமதித்த வெட்டவெளியோதான் சரி. சுற்றிலும் சருகைப் பெருக்கி, பக்கத்தில் இரண்டு வாளி தண்ணீர் வைத்த பிறகுதான் தீக்குச்சியைக் கையில் எடுக்க வேண்டும்.

இழுப்பு உள்ள குழந்தையைக் காற்று வீசும் பக்கம், அதாவது காற்று அதன் முதுகில் படும்படி உட்கார வையுங்கள். இன்ஹேலர் சட்டைப்பையில் இருக்கட்டும், அறையில் இருக்கிற பெட்டியில் அல்ல.

பூரணம் என்ன வைக்கலாம்?

நம்மவர்கள் வழக்கமாகச் செய்வது, காலையில் வீட்டிலேயே உருளைக்கிழங்கு மசாலா கிளறி டப்பாவில் அடைத்து, ராத்திரி எடுத்து வைப்பது. இது வேண்டவே வேண்டாம். வெந்த கிழங்கு, பருப்பு, முட்டை எதுவானாலும் வெளியில் 2 மணி நேரம்தான் தாங்கும். வெயில் 32 டிகிரியைத் தாண்டினால் 1 மணி நேரம்தான். காரின் பின்பக்கம் வெந்துகொண்டே வந்த மசாலாவை ராத்திரி சூடு பண்ணினால் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைக்காதீர்கள். சில கிருமிகள் செத்தாலும் அவை விட்டுப்போன விஷம் சூட்டுக்கு அசையாது. வாந்தியும் பேதியும் அதனால்தான்.

கிழங்கைப் பச்சையாகக் கொண்டு போங்கள். போன இடத்தில் வேகவைத்து மசித்து உப்பு, மிளகுத்தூள், வறுத்த சீரகத்தூள், துருவிய இஞ்சி, ஒரு சிட்டிகை பெருங்காயம் சேருங்கள். உருளைக்கிழங்கு வாயுப் பொருள், மைதா மந்தம். இரண்டும் சேர்ந்து ராத்திரி வேளையில் உள்ளே போனால் வயிறு மத்தளமாகிவிடும். மிளகும் சீரகமும் பெருங்காயமும் ருசிக்கு மட்டுமல்ல, அந்த வாயுவைக் கண்டிக்கவும்தான்.

எனக்குப் பிடித்தது இன்னும் எளிது. பருப்புப்பொடியை நெய்யில் குழைத்து ரொட்டியில் தடவி, மேலே மெல்லிசாக நறுக்கிய வெங்காயம் வையுங்கள். பொடி கெடாது, பயணத்துக்கு ஏற்றது. முருங்கைக்கீரை கிடைத்தால் அங்கேயே வதக்கி வைக்கலாம். இனிப்பு கேட்கிற குழந்தைக்கு நேந்திரம்பழ வில்லையும் கொஞ்சம் நாட்டுச்சர்க்கரையும் ஏலத்தூளும் போதும். தேங்காய்ச் சட்னி, தயிர் கலந்த பூரணம் ஆகாது. தக்காளி இருந்தால் விதையையும் நீரையும் எடுத்துவிடுங்கள். முட்டையை உடைத்து ஊற்றுவது ஆஸ்திரேலியப் பழக்கம். ஊற்றினால் மஞ்சள் கரு கெட்டியாகிற வரைக்கும் விட வேண்டும்.

சர்க்கரை நோய் உள்ளவர்கள் கிழங்கைத் தவிர்த்து, மசித்த கொண்டைக்கடலை வைத்து ஒன்றே ஒன்று சாப்பிடலாம். ஒன்று என்றாலே ரொட்டி இரண்டு துண்டு என்பது ஞாபகம் இருக்கட்டும்!

ரொட்டி வாங்கும்போது லேபிளைப் படியுங்கள். எது அதிகமோ அதுதான் முதலில் அச்சாகியிருக்கும். பழுப்பாக இருப்பதெல்லாம் கோதுமை அல்ல. மைதாவுக்கு நிறம் சேர்த்ததும் பழுப்பாகத்தான் இருக்கும். பொட்டாசியம் புரோமேட் என்ற பொருளை 2016-ல் மத்திய அரசின் உணவுப் பாதுகாப்பு ஆணையம் அனுமதிப் பட்டியலிலிருந்தே நீக்கிவிட்டது. ஆகவே அந்தப் பெயர் லேபிளில் இருக்கவே கூடாது.

சுடும் பக்குவம்

கொழுந்துவிட்டு எரிகிற தீயில் சுடாதீர்கள். வெளியே கரியாகும், உள்ளே பச்சையாக இருக்கும். விறகை முக்கால் மணி நேரம் எரியவிட்டு, மேலே வெண்சாம்பல் பூத்த தணலை ஒரு பக்கமாகத் தள்ளிக்கொள்ளுங்கள். ஒரு சாண் உயரத்தில் உள்ளங்கையைக் காட்டிப் பாருங்கள். மூணு, நாலு எண்ணுகிற வரை தாங்க முடிந்தால் பதம் சரி.

தட்டு இரண்டையும் லேசாகச் சூடு காட்டி, நெய் தடவுங்கள். ரொட்டியின் வெளிப்பக்கத்திலும் தடவலாம். ஒரு துண்டை வைத்து, நடுவில் இரண்டு ஸ்பூன் பூரணம். ஆசைப்பட்டு அதிகமாக வைத்தால் ஓரம் ஒட்டாமல் வழிந்து, நெருப்பில் விழுந்து, புகைதான் மிச்சம். ஓரத்தில் அரை விரல் அகலம் சும்மா விட வேண்டும். மூடி இறுக்கி, வெளியே நீட்டிக்கொண்டிருக்கிற ஓரத்தை வெட்டி எடுத்துவிடுங்கள். பக்கத்துக்கு 2, 3 நிமிஷம். திருப்புங்கள். நடுவில் ஒருமுறை திறந்து பாருங்கள்.

பொன்னிறம் வந்தால் எடுத்துவிட வேண்டும். ஸ்டார்ச் உள்ள பண்டங்களை அதிகச் சூட்டில் வறுத்தால், வாட்டினால் அக்ரிலமைடு என்ற பொருள் உண்டாகிறது என்பதை 2002-ல் ஸ்வீடன் நாட்டு விஞ்ஞானிகள் கண்டு சொன்னார்கள். மிருகங்களுக்கு அதிக அளவில் கொடுத்தபோது புற்றுநோய் வந்திருக்கிறது. மனிதர்களுக்கு உணவு வழியாக எவ்வளவு கெடுதல் என்பது இன்னும் உறுதியாகவில்லை. பயந்து நடுங்க வேண்டாம். கருகினதைச் சுரண்டி எறிந்தால் போதும்.

சுட்டதும் வாயில் வைக்காதீர்கள்! ரொட்டியின் ஓரம் ஒட்டி மூடிக்கொள்வதால் உள்ளே ஆவி அடைபட்டுக் கிடக்கும். மேலே தொட்டால் ஆறின மாதிரி இருக்கும், உள்ளே கொதிக்கும். பத்து வயசுப் பையன் ஒருவனை அழைத்து வந்தார்கள். வாழைப்பழமும் வெல்லமும் வைத்த டோஸ்ட்டை அவசரமாகக் கடித்திருக்கிறான். உருகின வெல்லம் அண்ணத்தில் ஒட்டிக்கொண்டுவிட்டது, துப்பவும் முடியவில்லை. ஐந்து நாள் கஞ்சியும் மோர் சாதமும்தான்! கத்தியால் இரண்டாக வெட்டி, ஆவி போகவிட்டு, நாலு நிமிஷம் கழித்துக் கொடுங்கள். குழந்தைக்குக் கொடுக்குமுன் பெரியவர்கள் ஒரு ஓரத்தைக் கடித்துப் பாருங்கள்.

எட்டு மணிக்குள் சாப்பிட்டு முடிப்பது உத்தமம். கூடவே சுக்கு, சீரகம் போட்டுக் கொதித்த வெந்நீர். கோலா பானம் வேண்டாமே!

சுட்டுக்கொண்டால்...

கையில் சூடு பட்டால் உடனே ஓடுகிற சாதாரணத் தண்ணீரில் 20 நிமிஷம் காட்டுங்கள். ஐஸ் வைக்காதீர்கள். மோதிரம், வளையலை வீக்கம் வருமுன் கழற்றிவிடுங்கள். பேனா மை, பற்பசை, இட்லி மாவு எதையும் பூசாதீர்கள். எங்கள் சித்த மருத்துவத்தில் தீப்புண்ணுக்குக் குங்கிலிய வெண்ணெய் உண்டு, நல்ல மருந்துதான். ஆனால், அதையும் எடுத்த எடுப்பில் தடவக்கூடாது. சூடு தணிந்த பிறகு, தோல் உரியாத சின்ன காயத்துக்கு மட்டும், வைத்தியரைக் கேட்டுப் போடலாம். கொப்புளத்தை உடைக்காதீர்கள். காயம் உள்ளங்கையைவிடப் பெரிதாக இருந்தாலும், முகம், கை, மூட்டு, மறைவிடத்தில் பட்டாலும் நேரே ஆஸ்பத்திரிதான். எங்களிடம்கூட வர வேண்டாம்!

கடைசியாக ஒன்று. குளிருகிறதே என்று மிச்சத் தணலைச் சட்டியில் அள்ளி அறைக்குள்ளோ கூடாரத்துக்குள்ளோ வைக்காதீர்கள். கரியிலிருந்து வரும் கார்பன் மோனாக்சைடுக்கு நிறமும் இல்லை, வாசனையும் இல்லை. ரத்தத்திலுள்ள ஹீமோகுளோபினோடு ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கும் மேல் இறுக்கமாகப் பிடித்துக்கொள்ளும். தூங்குகிறவர்கள் எழுந்திருக்காமலே போய்விடுவார்கள். எல்லோருக்கும் ஒரே நேரத்தில் தலைவலி, மயக்கம் என்றால் உடனே வெளிக்காற்றுக்கு வந்துவிட வேண்டும்.

தணல்மேல் தண்ணீரைத் தெளித்துவிட்டுப் போகாமல், ஊற்றி, குச்சியால் கிளறி, மறுபடி ஊற்றுங்கள். புறங்கையைச் சாம்பலுக்கு அருகே கொண்டுபோய்ப் பாருங்கள். சூடு தெரிந்தால் இன்னொரு வாளி. இரும்புத் தட்டைச் சுட்டவுடன் தண்ணீரில் போட்டால் விரிசல் விடும். ஆறவிட்டுத் துடைத்து, எண்ணெய் தடவி, பழைய செய்தித்தாளில் சுற்றி எடுத்து வையுங்கள்.