இந்த மாதப் பாடம்: மனசில் இருக்கும் வீடு



நீங்க பிறந்த வீட்டை நினைவிலிருந்து வரையச் சொன்னா, எதை முதல்ல வரைவீங்க? அடுப்படியையா, திண்ணையையா, தறிக்குழியையா?

யாழ்ப்பாணத்து ஓவியர் தா. சனாதனன் இப்படித்தான் கேட்டார். போரில் வீட்டை விட்டு இடம்பெயர்ந்த தமிழ் பேசும் மக்கள் தங்கள் வீட்டை வரைந்து கொடுத்தார்கள். அவற்றோடு கட்டட வரைபடமும் தன் ஓவியமும் சேர்த்து 2011-ல் புத்தகமாக்கினார். பெயரில் 'தோம்பு' என்று வைத்தார். தோம்பு என்றால் டச்சுக்காரர் காலத்து நிலப் பதிவேடு.

பதிவேட்டில் அளவும் உரிமையாளர் பேரும் இருக்கும். முற்றத்து வேம்பு இருக்காது. பத்திரம் தொலைந்தாலும் நினைவு அழியாது. ஆனா நினைவை மட்டும் வைத்து உரிமை கேட்க முடியாது. நமக்கு இரண்டும் வேணும்.

2005 சட்டத் திருத்தப்படி, இந்துக் குடும்பத்தில் கல்யாணமான மகளுக்கும் பூர்வீகச் சொத்தில் சம பங்கு உண்டு.

குழுவில் செய்ய:
1. ஒவ்வொருவரும் பிறந்த வீட்டை வரையுங்கள். எழுதத் தெரியாதவர் கோலமாகப் போடலாம்.
2. அதில் நீங்க உழைத்த இடத்தில் புள்ளி வையுங்கள்.
3. இப்போ இருக்கும் வீட்டுப் பட்டா யார் பேரில்? நகல் எங்கே இருக்கு?

பதிலை அடுத்த கூட்டத்தில் பேசுவோம்.