மஞ்சள் வண்ணமும் மழலை வாயும்

ஆம்பூரில் எங்கள் தெருவில் தச்சு வேலை செய்யும் மாமா, என் அக்காள் மகளுக்கு மரத்தில் ஒரு சிறிய விளையாட்டு வீடு செய்து தந்தார். அவளுக்கு வயது இரண்டு. எது கையில் கிடைத்தாலும் முதலில் வாய்க்குத்தான் போகும். தோல் தொழிற்சாலையில் பணிபுரியும் என் தந்தையார், இயந்திரத்துக்கு அடித்து மிஞ்சிய மஞ்சள் எனாமல் அரை டின் கொண்டுவந்தார். இரண்டு பலகைக்கு அடித்தும் விட்டோம். வேதியியல் மாணவனாகிய எனக்கு அதன் பிறகே ஐயம் எழுந்தது.

பளிச்சென்ற மஞ்சளுக்கு நெடுங்காலமாகப் பயன்பட்டுவரும் நிறமி காரீயக் குரோமேட்டு. ‘குரோம் மஞ்சள்’ என்பது இதுவே. டின்னில் அது இருந்ததா என்று சொல்ல அதன் மேல் ஒரு குறிப்பும் இல்லை. அப்பாவிடம் சொன்னேன். “நாப்பது வருஷமா குரோமிலே கை வெச்சிக்கிட்டிருக்கேன், எனக்கு என்னடா ஆச்சு?” என்றார்.

கேள்வி நியாயமானதே. தோல் பதனிடப் பயன்படும் குரோமியச் சல்பேட்டில் இருப்பது மூவிணைதிறக் குரோமியம். அதன் நச்சுத்தன்மை குறைவு. குரோமேட்டில் இருப்பதோ ஆறிணைதிறக் குரோமியம். அது புற்றுநோய் விளைவிக்க வல்லது. இராணிப்பேட்டையில் 1995-இல் மூடப்பட்ட குரோமேட்டுத் தொழிற்சாலை விட்டுச்சென்ற இலட்சம் டன்னுக்கு மேற்பட்ட கழிவு, நிலத்தடி நீரையே மஞ்சளாக்கியதை நம் பகுதியினர் அறிவர். நிறமியில் இத்துடன் காரீயமும் சேர்கிறது. விழுங்கிய காரீயத்தைப் பெரியவர்களைவிட நான்கைந்து மடங்கு கூடுதலாகக் குழந்தையின் உடல் ஈர்த்துக்கொள்ளும். அது வளரும் மூளையைத் தாக்கும். அப்பாவின் கை வேறு, பாப்பாவின் வாய் வேறு.

இதை முதலில் கண்டறிந்து சொன்னவர்களுள் ஒருவர் ஆஸ்திரேலிய மருத்துவர் லாக்ஹார்ட் கிப்சன். பிரிஸ்பேன் நகரக் குழந்தைகளின் காரீய நோய்க்குக் காரணம், வெயிலில் பொடிந்த வராந்தாக் கைப்பிடி வண்ணமே என்று 1904-இல் எழுதினார். பொடி விரலில் ஒட்டும். விரல் வாய்க்குப் போகும். வெயிலுக்கு நம் வேலூர் யாருக்கும் சளைத்ததன்று! வேலூரிலும் கிறித்தவ மருத்துவக் கல்லூரியினர் நகரின் ஏழைக் குடியிருப்புக் குழந்தைகளை ஆராய்ந்தபோது, ஏறக்குறைய பாதிப் பேரின் இரத்தத்தில் காரீயம் மிகுந்திருந்தது. அதற்கு வண்ணம் மட்டுமே காரணமன்று. நீர், தூசு முதலியனவும் உண்டு. ஆயினும் இருக்கின்ற சுமையோடு நாமே ஒன்றைச் சேர்ப்பானேன்?

2016-ஆம் ஆண்டின் மைய அரசு விதிகள், வீட்டு வண்ணங்களில் காரீயம் பத்து இலட்சத்தில் 90 பங்குக்கு மிகலாகாது என்கின்றன. அஃதாவது ஒரு கிலோவில் 90 மில்லிகிராம். இதனை டின்னிலேயே அச்சிடவும் வேண்டும். விதி 2017 நவம்பரில் நடைமுறைக்கு வந்தது. தொழிற்சாலைகளுக்கான வண்ணம் இதில் அடங்காது. எங்கள் அரை டின் அந்த வகை. அதை அறிந்தபோது எனக்கு உள்ளபடியே வியர்த்தது.

பூசிய பலகைகளை உப்புத்தாளால் உலரத் தேய்க்கவே கூடாது. தேய்த்தால் நச்சுத் தூசு வீடெங்கும் பறக்கும். ஆகவே அவற்றைக் கழற்றிவிட்டோம். மாமா புதுப் பலகை போட்டார். இரசாயன மூட்டை வந்த பழைய மரச்சட்டங்கள் அவரிடம் குவிந்து கிடந்தன. எது சிந்திய சட்டமோ என்று அவற்றையும் வேண்டாமென்றேன். “படிச்சவன் தொல்லை” என்றார்.

கடையில் ‘90’ அச்சிட்ட, நீரில் கரைக்கும் வண்ணமாகப் பார்த்து வாங்கிச் சுவருக்கும் கூரைக்கும் மெலிதாக இருமுறை பூசினோம். வாசனை முற்றும் அடங்கும்வரை, பதினைந்து நாள் குழந்தையை அண்டவிடவில்லை. அவள் வாய் எட்டும் சன்னல் விளிம்புக்கும் கைப்பிடிக்கும் எந்த வண்ணமும் இல்லை. நன்றாக இழைத்து வெறும் மரமாகவே விட்டிருக்கிறோம். இப்போது அங்கே சிறு பற்குறிகள் தெரிகின்றன. அரை டின் மஞ்சளை அப்பாவே தொழிற்சாலைக்குத் திருப்பி எடுத்துச்சென்றார், ஒன்றும் பேசாமல்.