சர் பி. டி. ராஜனின் சட்டசபை வாழ்வு

சென்ற கோடை விடுமுறையில் தமிழ் ஆனர்ஸ் வகுப்பு மாணவர் சிலர் கொடைக்கானல் சென்றிருந்தோம். பழனி மலைகளின் தென்விளிம்பில் கோக்கர் என்பார் 1872ஆம் ஆண்டில் அமைத்த நடைபாதையில் ஒரு காலைப்பொழுது நின்று, மஞ்சு விலகுமாறு காத்திருந்தோம். விலகியபோது பெரியகுளத்தைச் சூழ்ந்த சமவெளி கீழே தோன்றிற்று. அதற்கும் தென்மேற்கே, இருமருங்கும் மலைகள் காவல் நிற்பக் கிடப்பது கம்பம் பள்ளத்தாக்கு. எம்முள் ஒருவர் அத்திசையைச் சுட்டி, "அங்கேதான் உத்தமபாளையம், பி. டி. ராஜன் பிறந்த ஊர்" என்றார். "யார் அவர்?" என்று வினவினார் மற்றொருவர். விடை கூற எவராலும் இயலவில்லை. சுட்டியவரும் பெயரளவே அறிந்திருந்தார். அன்று எய்திய நாணமே இக்கட்டுரைக்குக் காரணமாயிற்று.

பொன்னம்பல தியாகராஜன் என்பது அவர் முழுப்பெயர். 1892ஆம் ஆண்டில் உத்தமபாளையத்தில் ஒரு செல்வக் குடியிற் பிறந்தார். இளமையிலேயே கடல் கடந்து, கேம்பிரிட்ஜ் நகரத்து லீஸ் பள்ளியிலும், பின்னர் ஆக்ஸ்பர்டு ஜீசஸ் கல்லூரியிலும் பயின்று, சரித்திரத்திலும் சட்டத்திலும் தேர்ச்சி பெற்றார். லீஸ் பள்ளி மெதடிஸ்டு சபையார் நிறுவியது. மிஷன் கல்லூரி மாணவராகிய எமக்கு இச்செய்தி சிறிது உவகை தந்தது என்பதை மறைப்பானேன்? தாயகம் மீண்டபின் வக்கீல் தொழிலை மேற்கொண்டார். ஆயின் அவர் பெயரை நிலைநிறுத்தியது நீதிமன்றம் அன்று, சட்டசபையே.

1919ஆம் ஆண்டுச் சீர்திருத்தச் சட்டத்தின்படி சென்னை இராஜதானியில் முதற் பொதுத்தேர்தல் 1920இல் நிகழ்ந்தது. ஜஸ்டிஸ் கட்சியின் சார்பில் ராஜன் சட்டசபை புகுந்தார். அப்போது அவருக்கு வயது இருபத்தெட்டு. தேர்ந்தெடுக்கப்படும் 98 இடங்களுள் 63 அக்கட்சிக்குக் கிடைத்தன. இவ்வெண்ணைக் கண்டு மயங்குதல் கூடாது. ஒத்துழையாமையை மேற்கொண்ட காங்கிரஸ் அத்தேர்தலில் நிற்கவேயில்லை. அன்றியும், ஏறத்தாழ நான்கு கோடி மக்கள் வாழ்ந்த இராஜதானியில் வாக்குரிமை பெற்றோர் சுமார் பன்னிரண்டரை லட்சம் பேரே. அவருள்ளும் வாக்களித்தோர் சுமார் மூன்று லட்சம் பேர். வரி செலுத்தும் அளவுக்கு உடைமை உடையார்க்கன்றி மற்றையோர்க்குச் சீட்டு இல்லை. பெண்டிர்க்கோ உடைமை இருப்பினும் இல்லை. அத்தடையை நீக்கும் தீர்மானத்தைச் சென்னைச் சட்டசபை 1921 ஏப்ரலில் நிறைவேற்றியது. பிரிட்டிஷ் இந்திய மாகாணங்களுள் அவ்வாறு செய்த முதற் சட்டசபை அதுவேயாம். புதிய அங்கத்தினராகிய ராஜன் அச்சபையில் இருந்தவர்.

கொடைக்கானலும் பழனியும் உத்தமபாளையமும் அக்காலத்தில் ஒரே மதுரை ஜில்லாவைச் சேர்ந்தவை. (கொடைக்கானல் 1985இல் திண்டுக்கல் மாவட்டத்தோடும், உத்தமபாளையம் 1990களில் தேனி மாவட்டத்தோடும் சென்றன.) ஆகவே யாம் நின்ற மலையும் யாம் நோக்கிய பள்ளத்தாக்கும் அன்று ஒரே ஜில்லாவின் உறுப்புகள். ஆயினும் மலைச்சரிவுகளில் தேனெடுத்தும் கிழங்ககழ்ந்தும் வாழ்ந்த பளியர், சட்டசபை என ஒன்று இருப்பதைக் கேட்டேனும் இருப்பரோ? உடைமையை அளவுகோலாகக் கொண்ட சட்டம் அவரைக் கணக்கிற் கொள்ளவில்லை.

சபை புகுந்த அங்கத்தினர்க்கும் அதிகாரம் அரைகுறையே. அதனை இரட்டை ஆட்சி என்பர். கல்வி, சுகாதாரம், ஸ்தல ஸ்தாபனம், விவசாயம், கைத்தொழில் முதலியன மந்திரிகளிடம் விடப்பட்டன. நிதி, போலீஸ், நிலவரி, நீர்ப்பாசனம் ஆகியவை கவர்னரின் நிர்வாகசபை வசமே நின்றன. கம்பம் பள்ளத்தாக்கினர்க்கு இதன் பொருள் நன்கு விளங்கும். 1895இல் முற்றுப்பெற்ற பெரியாற்று அணையின் நீர் மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே அவர் நிலத்திற்றான் வந்திறங்குகிறது. அப்பள்ளத்தாக்கிற் பிறந்தவர் மந்திரியாகிப் பயிருக்குப் பொறுப்பேற்கலாம்; பயிருக்குப் பாயும் நீர் பிறர் கையில். இப்படியொரு பங்கீட்டை வகுத்த அறிஞர் எவரும் ஒருநாளேனும் உழுதிரார் என்றே எமக்குத் தோன்றுகிறது.

1920 தொடங்கி 1937 வரை ராஜன் இடையீடின்றிச் சபை அங்கத்தினராக விளங்கினார். 1930இல் முனுசாமி நாயுடு மந்திரிசபை அமைத்தபோது அபிவிருத்தி மந்திரியானார். 1932இல் கட்சிக்குள் பிளவு தோன்றி, நாயுடு விலகிப் பொப்பிலி அரசர் முதல் மந்திரியானார். ராஜனோ தம் பதவியில் நீடித்தார். இதனைத் திறமை என்பாரும் உளர், சாமர்த்தியம் என்பாரும் உளர். 1936 ஏப்ரல் 4 முதல் ஆகஸ்டு 24 வரை, பொப்பிலி அரசர் வெளிநாடு சென்றிருந்த காலத்தில், அவரே முதல் மந்திரியாக இருந்தார். சென்னை முதல் மந்திரிகள் வரிசையில் அவர் பெயர் நிற்பதற்கு இவ்வைந்து திங்களும் நிரம்பாத காலமே ஆதாரம். அவரைப் போற்றுவோர் இதனையே முதலில் எடுத்துரைப்பர். எம் கருத்து வேறு. பிறர் திரும்பி வருமளவும் காத்த நாற்காலி அது. அவர் வாழ்வின் உயரம் வேறோர் ஆண்டில் உள்ளது.

அதற்கு முன் வீழ்ச்சி வந்தது. 1935ஆம் ஆண்டுச் சட்டத்தால் வாக்காளர் தொகை பெருகியது. 1937 தேர்தலில் 215 இடங்களுள் காங்கிரஸ் 159 பெற்றது. பதினேழாண்டுகளுட் பெரும்பகுதி ஆட்சியிலிருந்த ஜஸ்டிஸ் கட்சிக்கு 18. ஒருசிலர் வாக்கால் எழுந்த மாளிகை, வாக்காளர் பெருகிய அளவிற் சரிந்தது. 1944 ஆகஸ்டில் சேலம் மாநாட்டில் ஈ. வெ. ராமசாமிப் பெரியார் கட்சியின் பெயரைத் திராவிடர் கழகம் என மாற்றித் தேர்தலையும் பட்டங்களையும் துறக்கச் செய்தார். அதற்கு இசையாத சிலர் பழைய பெயரையே பற்றி நின்றனர். சர் பட்டம் பெற்றிருந்த ராஜன் அவருள் ஒருவர். நாளடைவில் அச்சிறு கூட்டத்தின் தலைவரும் ஆனார்.

பிரிவு பெயர் பற்றியது மட்டுமன்று. பெரியார் கடவுள் மறுப்பைப் பறைசாற்றியவர். ராஜனோ கோயிற்பணியில் ஈடுபட்டவர். 1950இல் சபரிமலைக் கோயில் தீக்கிரையானபின், புதிய ஐம்பொன் திருமேனியை அளிப்பதில் முன்னின்றவர் அவர். பிரதிஷ்டைக்கு முன் அத்திருமேனி தமிழ்நாட்டின் பல ஊர்களிலும் ஊர்வலமாகக் கொண்டுசெல்லப்பட்டது. மதுரை மீனாட்சி கோயிலில் 1963இல் நிகழ்ந்த குடமுழுக்கிற்குரிய திருப்பணியையும் தலைமை தாங்கி நடத்தினார். ஒரே கட்சியின் மடியில் வளர்ந்த இருவர் இத்துணைத் தூரம் விலகிச் சென்றமை, கட்சி என்பதைக் கொள்கைக் கோட்டையாக மட்டும் எண்ணும் எம்போன்ற இளைஞர்க்கு வியப்பையே தருகிறது.

இனி 1952. இருபத்தொரு வயது நிரம்பிய ஆண் பெண் அனைவர்க்கும் வாக்குரிமை கிடைத்த முதற் பொதுத்தேர்தல். எழுத்தறியாதார் பொருட்டு, வேட்பாளர் ஒவ்வொருவர்க்கும் தனித்தனிப் பெட்டி வைத்து அதன்மீது சின்னம் ஒட்டியிருந்தனர். உடைமை இல்லாத உழவனும், கூலிக்குக் களையெடுக்கும் பெண்ணும், மலைச்சரிவிலிருந்து இறங்கி வந்தவனும் முதன்முதலாக அப்பெட்டிகளின்முன் நின்றனர். ஜஸ்டிஸ் கட்சியின் எச்சமாக நின்றோர் ஒன்பதின்மர். எண்மர் தோற்றனர். கம்பம் தொகுதியில் நின்ற ராஜன் ஒருவரே வென்றார்.

இவ்விடத்தில் எம் நண்பர்களுக்குள் வாதம் மிகுந்தது. "பழைய செல்வக்குடிப் பெயருக்கு ஊரார் செய்த மரியாதை, அவ்வளவே" என்றார் ஒருவர். இருக்கலாம். ஆயின் பழங்குடிப் பெயரும் பெருஞ்செல்வமும் உடையார் பலர் அம்முப்பதாண்டுகளில் மக்கள் வாக்கின்முன் நின்று வீழ்ந்துள்ளனர். பெயர் மட்டும் போதுமாயின் அவர் வீழ்வானேன்? 1920இல் அவரை அனுப்பியோர் சிலர். அச்சிலர் யாவர் என்பதைச் சட்டம் முன்னரே பொறுக்கி வைத்திருந்தது. 1952இல் அனுப்பியோரைப் பொறுக்கியவர் எவருமிலர். கட்சியின் செல்வாக்கும் இல்லை; மந்திரியாவோம் என்னும் நம்பிக்கையும் இல்லை. 375 அங்கத்தினர் கொண்ட சபையில் தம் கட்சிக்குத் தாமே தலைவரும் தாமே தொண்டருமாய் ஒருவர் சென்று அமர்ந்தார். மாணவர் வெளியிட்ட பட்டியல்களில் அவர் வெற்றிகளுக்கெல்லாம் ஒரே மதிப்பெண் இடப்படுகிறது. யாம் திருத்தும் தாளாயின் இவ்வொரு வெற்றிக்கே முழு மதிப்பெண் இடுவோம்.

அச்சபையில் இராஜாஜியின் ஆட்சியையும், 1953இல் ஆந்திரம் பிரிந்ததையும், 1954இல் காமராஜர் முதல் மந்திரியானதையும் அவர் கண்டார். 1957இல் அவர் சட்டசபை வாழ்வு முடிவுற்றது; அதன்பின் ஜஸ்டிஸ் கட்சி தேர்தற் களத்திற் காணப்படவில்லை. அவ்வாண்டே குளித்தலைத் தொகுதியிலிருந்து மு. கருணாநிதி முதன்முறையாகச் சபை புகுந்தார். பதின்மூன்று தேர்தல்களில் வென்று, 2018இல் மறைந்தபோதும் அங்கத்தினராக இருந்தார். ராஜனின் இருபத்திரண்டு ஆண்டுகள் அதற்கு முன் சிறிதே. ராஜன் 1974இல் காலமானார். மகனார் பழனிவேல் ராஜன் 1996 முதல் 2001 வரை தமிழ்நாட்டுச் சட்டசபையின் சபாநாயகராக இருந்தார்; பேரர் பழனிவேல் தியாகராஜன் 2021இல் நிதி மந்திரியானார்.

மலையிலிருந்து இறங்கும்போது, உத்தமபாளையம் பக்கம் உறவினர் உடைய நண்பர் ஒரு செய்தி கூறினார். பெரியாற்று அணையின் நீர் அப்பகுதியில் இரண்டு வாய்க்கால்களிற் பிரிந்து, ஐயாயிரம் ஏக்கருக்குச் சற்று மேற்பட்ட நிலத்திற்குப் பாய்கிறது. ஒன்றன் பெயர் பி. டி. ராஜன் வாய்க்கால், மற்றொன்றன் பெயர் தந்தை பெரியார் வாய்க்கால். 1944இல் பிரிந்த இருவர் பெயராலும் அமைந்த அவ்விரண்டிற்கும் தண்ணீர் திறந்துவிடும் உத்தரவு, பெரும்பாலும் ஒரே தாளில்தான் வெளிவருமாம்.