மகஜரில் கையெழுத்துப் போடும் முன்

காரைக்காலில் அரிசி மண்டி வைத்திருப்பவனுக்கு மாநில எல்லை கூப்பிடு தூரம்தான். தெற்கே வாஞ்சூரைத் தாண்டினால் நாகூர், வடக்கே நண்டலாற்றைத் தாண்டினால் பொறையாறு. எங்கள் தலைநகரான புதுச்சேரிக்கு ஒரு லோடு அனுப்புவதென்றாலும் சீர்காழி, சிதம்பரம், கடலூர் வழியாகத் தமிழ்நாட்டுக்குள் போய்த்தான் ஆக வேண்டும். ஆகவே ரேஷன் அரிசிக் கடத்தலைப் பிடிக்க நிற்கிறவர்களின் கண்ணில் எங்கள் வண்டிகள் அடிக்கடி படும். கடத்தல் நடக்கவே இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். நேர்மையாக வாங்கி விற்பவனும் அதே வலையில் சிக்குகிறான் என்பதுதான் என் வருத்தம்.

எங்கள் லோடு ஒன்றை அப்படி மடக்கினார்கள். இட்லிக்குப் போகிற குண்டு ரகப் புழுங்கல் அரிசி. மில் பில்லும் எடைச் சீட்டும் டிரைவரிடம் இருந்தும் வண்டியோடு பிடித்து வைத்தார்கள். நான் போய்ச் சேர்ந்தபோது, பிடித்த சரக்கைப் பதிவு செய்யும் தாளான மகஜரை எழுதி முடித்திருந்தார்கள்.

“இதுல ஒரு கையெழுத்துப் போடுங்க.”

“சார், எடை எழுதலையே?”

“அதெல்லாம் குடோன்ல பாத்துக்கலாம்.”

அந்தத் தாளில் ‘சுமார் 150 மூட்டை அரிசி’ என்று மட்டும் இருந்தது. இடம் ‘நாகூர் சாலை’. ‘சுமார்’ என்று விட்டுவிட்டால் பத்து மூட்டை குறைந்து திரும்பினாலும் கேட்க வழியில்லை. மூட்டைகளை எண்ண வைத்து, எண்ணிக்கையையும் எடைச் சீட்டின் எண்ணையும் என் கையெழுத்துக்கு மேலேயே எழுதினேன். இடம் அதைவிட முக்கியம். 1955ஆம் ஆண்டின் அத்தியாவசியப் பொருட்கள் சட்டத்தில் 6ஏ பிரிவின்படி, சரக்கு எந்த மாவட்டத்தில் பிடிபட்டதோ அந்த மாவட்ட ஆட்சியரிடம்தான் விசாரணை. சாலையின் அந்தப் பக்கமென்றால் நாகப்பட்டினம், இந்தப் பக்கமென்றால் காரைக்கால். வாஞ்சூர் என்று சேர்த்து எழுதச் சொன்னேன். முணுமுணுத்தார்கள், ஆனாலும் எழுதினார்கள்.

மாதிரி எடுக்கும்போது கூடவே நில்லுங்கள். 2024 மார்ச்சுக்குள் நாடு முழுவதும் ரேஷனில் செறிவூட்டிய அரிசி வந்துவிட்டது. இரும்புச்சத்தும் ஃபோலிக் அமிலமும் பி12-உம் சேர்த்துச் செய்த மணிகளை நூறு கிலோவுக்கு ஒரு கிலோ வீதம் அதில் கலந்தார்கள். எங்கள் அரிசியில் அந்த மணி கிடையாது. எங்கள் கண்ணெதிரே எடுத்து சீல் வைத்த மாதிரிதான் பிறகு எங்களுக்காகப் பேசியது.

சரக்கைக் கைப்பற்றியதோடு அது அரசுக்குச் சொந்தமாகிவிடுவதில்லை. காரணத்தைச் சொல்லி எழுத்தில் நோட்டீஸ் தர வேண்டும், பதிலை வாங்க வேண்டும், நேரில் கேட்க வேண்டும் என்கிறது 6பி. பலரும் பதற்றத்தில் மாஜிஸ்திரேட் கோர்ட்டுக்கு ஓடி சரக்கை விடுவிக்கக் கேட்பார்கள். 6ஈ பிரிவு அந்தக் கதவைச் சாத்தி வைத்திருக்கிறது. ஆட்சியரிடம் போக வேண்டும். அங்கே கோப்பு நகராமல் கிடந்தால் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் போடலாம். காரைக்காலுக்கும் அதுதான் உயர் நீதிமன்றம்.

அரிசிக்கு வண்டு வர அதிக நாள் வேண்டாம். குடோன் ஒழுகினால் கேட்கவே வேண்டாம். அதனால் பதிலோடு சேர்த்து இன்னொரு மனுவும் கொடுங்கள்: விசாரணை முடியும்வரை சரக்கை விற்றுப் பணத்தைக் கட்டி வைக்க உத்தரவிடுங்கள் என்று. கெட்டுப்போகும் பொருளை அப்படி விற்க ஆட்சியருக்கு 6ஏ அதிகாரம் கொடுக்கிறது. இந்த மனுவின் அருமை என். நாகேந்திர ராவ் நிறுவனத்தின் வழக்கைப் படித்தால் தெரியும். ஆந்திரத்தில் உரமும் தானியமும் விற்றவர்கள். 1975 ஆகஸ்டில் சரக்கைக் கைப்பற்றினார்கள். உரத்தை உழவர்களுக்கு விநியோகிக்கச் சொல்லி உத்தரவு வந்தும் பொறுப்பான அதிகாரி அசையவில்லை. உரம் கெட்டுவிடும் என்று நிறுவனம் எழுதிக் கொடுத்தது. 1977இல் எடுக்கப் போனபோது உரம் பாழாகிக் கிடந்தது. நஷ்டஈடு கேட்டுப் போட்ட வழக்கில் கீழ் நீதிமன்றத்தில் ஜெயித்து, உயர் நீதிமன்றத்தில் தோற்று, உச்ச நீதிமன்றம் வரை போனார்கள்; அங்கே 1994 செப்டம்பரில் தீர்ப்பு வந்தது. அதிகாரிகளின் அலட்சியத்துக்கு அரசு பணம் தந்தாக வேண்டும், இறையாண்மை என்று சொல்லித் தப்ப முடியாது என்று நீதிபதி ஆர்.எம். சகாய் எழுதினார். பத்தொன்பது வருடம்! அவ்வளவு காலமும் அவர்கள் கையில் இருந்த பலம் அன்றைக்கே எழுதிக் கொடுத்த அந்த மனுக்கள்தான் என்று நினைக்கிறேன்.

பருப்பு வியாபாரிகளுக்கு ஒரு வார்த்தை. 2002இல் மத்திய அரசு அரிசி, கோதுமை, எண்ணெய் போன்றவற்றுக்கு லைசென்சும் இருப்பு வரம்பும் வேண்டாம் என்றது. ஆனால் விலை ஏறும்போது வரம்பு திரும்பி வரும். 2024 ஜூனில் துவரைக்கும் கொண்டைக்கடலைக்கும் மொத்த வியாபாரிக்கு 200 டன், சில்லறைக் கடைக்கு 5 டன் என்று வைத்தார்கள். அந்த மாதங்களில் இருப்புப் பதிவேட்டை அன்றன்றே எழுதுங்கள்.

எங்கள் அரிசி திரும்பி வந்தது. அதற்குள் கொஞ்சம் வண்டு அரித்திருந்தது. பறிமுதல் என்றே உத்தரவு வந்தாலும் அது கடைசி வார்த்தை இல்லை. மேல்முறையீட்டில் ஜெயித்தால் சரக்கையோ, பிடித்த நாளிலிருந்து வட்டியோடு அதன் விலையையோ தர வேண்டும் என்று 6சி சொல்கிறது. மேல்முறையீட்டுக்கு ஒரு மாதம்தான் அவகாசம், உத்தரவு உங்களுக்குக் கிடைத்த நாளிலிருந்து. அது வந்த தபால் உறையைக் கிழித்துப் போட்டுவிடாதீர்கள். தேதி முத்திரை அதில்தான் இருக்கும்.