வீட்டு உளுந்தா, சான்று உளுந்தா? முளைப்புச் சோதனை சொல்லும் கணக்கு

போன பட்டத்தில் எடுத்து வைத்த உளுந்து வீட்டில் இருக்கிறது. வெளியே, நீல அட்டை கட்டிய சான்று விதை கிடைக்கிறது. எதை விதைப்பது? கிலோ விலையைப் பார்த்து முடிவெடுக்காதீர்கள். காசு கொடுத்து வாங்குவது விதையை என்றாலும், வயலில் நமக்கு வேண்டியது செடி.

சான்று உளுந்து குறைந்தது 75 சதவீதம் முளைக்க வேண்டும் என்பது விதி. அது கீழ் எல்லை மட்டுமே. கையிலிருக்கும் மூட்டை 78 முளைக்கலாம், 92-உம் முளைக்கலாம். ஆகவே இரண்டு விதையையும் சோதித்துவிடுங்கள்.

மூட்டையின் மேல், நடு, அடி மூன்றிலிருந்தும் எடுத்துக் கலந்து, கண்ணை மூடிக்கொண்டு அள்ளியதில் 100 விதை எண்ணுங்கள். பருமனானதாகப் பார்த்துப் பொறுக்கினால் சோதனையே வீண். ஈரத்துணியில் வரிசையாக அடுக்கிச் சுருட்டி, காயாமல் பார்த்துக்கொள்ளுங்கள். ஏழாம் நாள் வேரும் தண்டும் ஒழுங்காக விட்டவற்றை மட்டும் எண்ணுங்கள்.

இந்த எண்ணை எவ்வளவு நம்பலாம் என்பதில்தான் பலர் சறுக்குகிறார்கள். உண்மையில் 80 சதவீதம் முளைக்கும் விதையில் 20 மட்டும் எடுத்துச் சோதித்தால், 12 முளைத்தாலும் ஆச்சரியமில்லை, 19 முளைத்தாலும் ஆச்சரியமில்லை. 100 விதை என்றால் பெரும்பாலும் 72-க்கும் 88-க்கும் இடையில் வரும். 400 எண்ணினால் அந்த வீச்சு 76-லிருந்து 84 வரை எனப் பாதியாகச் சுருங்கும். விதைப் பரிசோதனை நிலையங்களில் 400 விதை எண்ணுவது இதனால்தான். எனவே நூறு விதைச் சோதனையில் ஒன்று 80, மற்றொன்று 84 என்று வந்தால் அதை வித்தியாசமாகவே கருத வேண்டாம். வீட்டு விதையையே போடலாம்.

60-உம் 88-உம் வந்தால் கதை வேறு. 30-க்கு 10 செ.மீ. இடைவெளியில் ஏக்கருக்குச் சுமார் 1.33 லட்சம் செடி வேண்டும். நூறு விதை 4.5 கிராம் என்று வைத்துக்கொண்டால், 75 சதவீத முளைப்புக்கு 8 கிலோ சரியாக வரும். 60 சதவீத விதை என்றால் 10 கிலோ. 88 என்றால் 6.8 கிலோ போதும். வீட்டு உளுந்து கிலோ 100 ரூபாய்க்கு விலைபோகும், சான்று விதை 140 ரூபாய் என்று ஒரு பேச்சுக்கு வைத்தால், முதலாவது 1,000 ரூபாய், இரண்டாவது ஏறக்குறைய 950. விலை கூடியதே மலிவாகிறது. உங்கள் ஊர் விலையைப் போட்டுப் பாருங்கள்.

60-க்கும் கீழே போன விதையைக் கூடுதலாகத் தூவிச் சரிக்கட்டப் பார்ப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். ஈரத்துணியில் தப்பிப் பிழைத்த முளைகளும் பெரும்பாலும் வீரியம் குன்றியவை. வயலில் மேல்மண் இறுகினாலோ ஈரம் குறைந்தாலோ அவற்றிலும் ஒரு பங்கு மேலே வராது. அந்த உளுந்தைச் சமையலுக்கு வைத்துக்கொள்ளுங்கள், மருந்து கலக்காததாக இருந்தால்.

முடிவு தெரிய ஒரு வாரம் ஆகும். மாற்று விதை வாங்க அவகாசம் வேண்டும் என்பதால், விதைப்புக்கு இரண்டு வாரம் முன்பே துணியை நனைத்துவிடுங்கள்.