பேரி மரத்தைக் கத்தரித்தலும் வீட்டுத் தோட்டத்தில் வளர்த்தலும்
கந்தப்பளைப் பகுதிக் கமக்காரர்களுக்கு

கந்தப்பளையிலும் அதனைச் சூழ்ந்த தோட்டங்களிலும் மரக்கறி பயிரிடும் கமக்காரர்களே, உங்கள் வேலியோரத்திலோ, லயத்துக்குப் பின்னாலுள்ள பாத்தியின் கரையிலோ ஒரு பேரி மரம் நிற்கலாம். சந்தையில் இதனைப் பெயார்ஸ் என்பர். கடல் மட்டத்திற்கு 6,000 அடிக்கு மேற்பட்ட இவ்விடத்தின் குளிர் இம்மரத்திற்கு ஏற்றது. 1848ஆம் ஆண்டில் சாமுவேல் பேக்கர் என்னும் ஆங்கிலேயர் நுவரெலியாவிற் பண்ணை அமைத்ததும் இக்குளிரை நம்பியேயாம். ஆயினும், ஓங்கி வளர்ந்து இலை செழித்து நின்றும் காய் கொடாத மரங்கள் பல உள. மலட்டு மரம் என்று சொல்லி அதனை அடியோடு வெட்டிவிடுவோரும் உளர். அவ்வாறு செய்யுமுன், அம்மரம் சென்ற ஆண்டுகளில் எவ்வாறு கத்தரிக்கப்பட்டது என்பதை நினைத்துப் பாருங்கள். பெரும்பாலும் பிழை அங்கேதான் இருக்கும்.

மலைநாட்டில் கத்தரித்தல் என்றதும் நினைவுக்கு வருவது தேயிலைக் கவ்வாத்து. கவ்வாத்து வெட்டிப் பழகிய கை, பேரி மரத்தின் கிளை கரட் பாத்தியின்மேல் நிழல் வீழ்த்துவதைக் கண்டால், மட்டக்கம்பு வைத்ததுபோல எல்லாக் கிளைகளையும் ஒரே உயரத்தில் வெட்டிவிடுகிறது. தேயிலைக்கு அது தகும். தேயிலையில் நாம் வேண்டுவது கொழுந்து. வெட்டுப்பட்ட கிளை பல தளிர்களை விடுவதே அங்கே ஆதாயம். பேரியில் நாம் வேண்டுவது காய். அதன் காய்கள், இரண்டு ஆண்டும் அதற்கு மேலும் முதிர்ந்த கிளைகளில் தோன்றும் குட்டையான, சுருக்கம் விழுந்த சிறு குச்சிகளிலேயே பெரும்பாலும் பிடிக்கின்றன. இவற்றைக் காய்க்குச்சி என்போம். ஒரு காய்க்குச்சி பல ஆண்டுகள் தொடர்ந்து பயன் தரும். மேற்பாகத்தை மட்டமாக வெட்டும்போது இக்குச்சிகள் கிளைகளோடு போய்விடுகின்றன. மரமோ இழந்ததை ஈடு செய்ய நெட்டையான போத்துக்களை நிமிர்ந்தெழச் செய்கிறது. அடுத்த ஆண்டில் அப்போத்துக்களையும் வெட்டுகிறோம். இவ்வாறு ஆண்டுதோறும் விறகே கிடைக்கிறது.

இன்னுமொன்று கவனிக்கத்தக்கது. உருளைக்கிழங்குக்கும் லீக்ஸுக்கும் நீங்கள் தாராளமாக இடும் கோழி எருவும் உரமும் பாத்தியோரத்து மரத்தின் வேருக்கும் எட்டும். கடுமையாக வெட்டிய மரத்திற்குத் தழைச்சத்தும் மிகுதியாகக் கிடைத்தால் போத்துக்கள் மேலும் பெருகும். அத்தகைய மரத்திற்குத் தனியே உரம் இடவேண்டாம்.

கத்தரிக்கும் காலம், இலையுதிர்ந்து மரம் உறங்கும் காலமாகும். ஐப்பசி, கார்த்திகை மழையில் வெட்டினால் வெட்டுவாய் ஈரமாயிருந்து நோய் பிடிக்கும். மழை ஓய்ந்தபின், தை மாத அளவில், மொட்டு விரியுமுன் செய்தல் நன்று. முதலில் மரத்தைச் சுற்றி வந்து மொட்டுக்களை நோக்குக. பருத்து உருண்டிருப்பது பூ மொட்டு; மெலிந்து கூராய்க் கிளையோடு ஒட்டியிருப்பது இலை மொட்டு. இவ்வேறுபாட்டை அறியாதவர் கையிற் கத்தியைக் கொடாதிருப்பதே மேல்.

பின்னர் பட்ட கிளை, நோயுற்ற கிளை, ஒன்றோடொன்று உராயும் கிளை ஆகியவற்றை நீக்குக. நடுவிற் செங்குத்தாக எழுந்து வெளிச்சத்தை மறைப்பவற்றையும் அவை தோன்றிய இடத்திலேயே அறுத்துவிடுக. பாதியில் வெட்டி முளை விட்டுவைத்தலாகாது. பாரமான கிளையாயின் முதலில் அடிப்புறத்திற் சிறிது அறுத்துவிட்டு, அதற்குச் சற்று வெளியே மேலிருந்து அறுத்து வீழ்த்துக. எஞ்சிய கட்டையைப் பின்னர் கிளைக்கழுத்தை ஒட்டி அறுக்கலாம். இல்லையேல் கிளை முறியும்போது அடிமரத்துப் பட்டையும் உரிந்துவிடும். பாத்திக்கு நிழல் தரும் கிளை ஒன்றிரண்டு உண்டாயின் அவற்றை முழுமையாக எடுத்துவிடுங்கள். மற்றவற்றின் நுனியைத் தொடவேண்டாம்.

மட்டமாக வெட்டிக் கெட்டுப்போன மரத்தையும் மீட்கலாம். அதற்கு மூன்றாண்டுப் பொறுமை வேண்டும். ஒரே ஆண்டில் மரத்தின் நாலில் ஒரு பங்குக்கு மேல் நீக்கலாகாது. ஒவ்வொரு வெட்டுவாயிலும் எழுந்த போத்துக்களில் வெளிப்புறம் நோக்கிய ஒன்றை, மிஞ்சினால் இரண்டை, விட்டு ஏனையவற்றை அடியோடு நீக்குக. விட்ட போத்தினை வெட்டாமல், இளசாக வளையும் பருவத்திற் சணற்கயிற்றாற் சாய்த்து, நிலத்தில் அடித்த முளையிற் கட்டுக. நிமிர்ந்த கிளை நுனியில் ஓடி வளரும். சாய்த்த கிளையின் ஓட்டம் தணிந்து, நெடுகப் பூ மொட்டுக்கள் உருவாகும். கயிறு பட்டையை அறுக்காதபடி அடியிற் சாக்குத்துண்டு வைத்துக் கட்டுதல் வேண்டும்.

பெரிய வெட்டுவாய்களுக்குப் போர்டோப் பசை பூசுக. 100 கிராம் துருசினை அரை லீற்றர் நீரிலும், 100 கிராம் சுண்ணாம்பினை மற்றோர் அரை லீற்றர் நீரிலும் தனித்தனியே கரைத்துப் பின் ஒன்றாய்க் கலக்கவேண்டும். மட்பாத்திரமோ பிளாத்திக்கு வாளியோ கொள்க; இரும்பு வாளி ஆகாது. துலக்கிய கத்தியைக் கலவையில் நனைத்தெடுக்கும்போது செம்பு நிறம் படிந்தால் இன்னுஞ் சிறிது சுண்ணாம்பு சேர்க்க.

புதிதாக நடுவோர், ஒட்டுக் கன்றினைப் பாத்தியிலிருந்து விலக்கி, 2 அடிக் குழியில், ஒட்டு மண்ணுக்கு மேல் நிற்கும்படி நடுக. ஒட்டுக்குக் கீழே எழும் முளை காட்டு மரத்தினது, உடனே கிள்ளிவிடுக. பேரியில் வேறோர் இனத்தின் மகரந்தம் கிடைத்தாற் காய்ப்பிடிப்பு மிகும். ஆகவே அயல்வீட்டாரும் நீங்களும் வெவ்வேறினக் கன்றுகளை நட்டால் இரு வீட்டுக்கும் நன்மை. இளமரத்தை 3 அடி உயரத்தில் ஒருமுறை நுனி வெட்டி, நாற்புறமும் செல்லும் மூன்று நான்கு கிளைகளைக் கிண்ணம்போல் அமையவிடலாம்.

பீச்சு மரம் வைத்திருப்போர் மேற்கூறியவற்றை அப்படியே பின்பற்றலாகாது. பீச்சு சென்ற ஆண்டு வளர்ந்த குச்சியிலேயே காய்ப்பதால், அதற்கு ஆண்டுதோறும் கூடுதலான கத்தரிப்பு வேண்டும். உங்கள் மரம் எவ்வினம் என்பதில் ஐயமிருந்தால், வெட்டுமுன் பூ மொட்டுள்ள ஒரு குச்சியை உங்கள் விவசாயப் போதனாசிரியரிடம் காட்டிக் கேட்டறிந்து கொள்ளுங்கள்.